மோர்ப்பண்ணைத் தண்ணீர்

ஆவுளியா மேய்ந்தால் புழுதி எழும்.
புழுதி எழுந்தால் படம் இல்லை.
புழுதி எழாத இடத்தில்
ஆவுளியா இல்லை.
இருபத்திரண்டு வருடத்தில்
இந்த நாலு வரிக்கு மேல்
எனக்கு ஒன்றும் தெரியாது.

முதலில் பரமக்குடியில் கல்யாண வீடியோ.
தாலி ஏறும் நொடி தவறிப்போனால்
'மாப்ளே, கையை இன்னொரு தடவை கொண்டு போங்க' என்பேன்.
கொண்டு போவார்.
தவிலுக்கு ஐம்பது ரூபாய் நீட்டினால்
கெட்டிமேளமும் மறுபடி கொட்டும்.
அங்கிருந்து வந்து விழுந்தேன்
இன்னொரு தடவை என்ற சொல்லே இல்லாத வேலையில்.

பூநாரைகள் ஒன்றாய்த் தலை திருப்புவதற்காக
தனுஷ்கோடிச் சேற்றில் பதினோரு நாள்;
படத்தில் நாலு நொடி.
காரங்காட்டு அலையாத்தி வேரடியில்
நண்டு ஓடு கழற்றுவதைப் பார்க்க
இரண்டு ராத்திரி, ஒரு காய்ச்சல்;
ஒன்பது நொடி.
வீட்டுக்கடன் கேட்கப் போனபோது
மாதம் எவ்வளவு வரும் என்றார் மேலாளர்.
நொடியில் சொல்லவா என்று கேட்க வாய் வந்தது.

இந்தமுறை மோர்ப்பண்ணை, வைகாசி.
கச்சான் அடித்தால் கரையோரம் கண்ணாடி.
கொண்டல் திரும்பினால்
ஊர்ப்பெயருக்கு ஏற்ற தண்ணீர்.
களஞ்சியத்தின் வத்தை,
நாளுக்கு ஆயிரத்து எண்ணூறு, டீசல் தனி.
அவர் ஆவுளியாவைத் தேடுவதில்லை, மூச்சைக் கேட்பார்.
'அந்தா' என்பார்.
நான் திரும்புவதற்குள் தண்ணீர் மூடிக்கொள்ளும்.

விடியுமுன் கேமராப் பெட்டியின் ரப்பர் வளையத்துக்குப் பசை தடவுவேன்.
ஒரு தலைமுடி சிக்கினால் போதும்,
எட்டு லட்சமும் உப்புக்கண்டம்.
பிறகு கடல்புல்லில் இறங்கி
மேய்ந்த தடத்தை மட்டும் எடுத்துக்கொண்டு ஏறுவேன்.
யாரோ ஒற்றை மாட்டில் உழுதுவிட்டு
நாம் வருவதற்குள் அவிழ்த்துப் போனது போலிருக்கும்.
மும்பையிலிருந்து போன் வரும்:
தாயும் குட்டியும் ஒரே ஃபிரேமில், தண்ணீர் நீலமாக.
களஞ்சியம் கேட்டுவிட்டு
'நீலமா?' என்று மட்டும் சொல்வார்.

பத்தொன்பதாம் நாள் குட்டி கிடைத்தது,
களஞ்சியத்தின் மச்சினன் வலையில்.
வாலைச் சுற்றி மூன்று சுற்று நைலான்.
மூக்கு தண்ணீருக்கு ஒரு சாண் கீழே.
அன்றைக்கென்று புழுதி இல்லை.
வெளிச்சம் சாய்வாக, சொன்னபடி, விழுந்தது.

யாரிடமும் இதைச் சொன்னதில்லை.
ஆறேழு நொடி நான் ஃபோகஸ் பார்த்தேன்.

கத்தியைக் கடித்துக்கொண்டு அவர் குதித்த சத்தத்தில்தான்
கேமராவைக் கயிற்றோடு விட்டுவிட்டு
கைகளைக் கண்டுபிடித்தேன்.
முதுகைத் தாங்கி மேலே ஏற்றினேன்.
காற்று குறைந்த லாரி டியூப் மாதிரி வழுக்கியது,
உள்ளே என்னவோ உதறியது.
அறுத்தோம். பன்னிரண்டாயிரம் ரூபாய் வலை.
போய்விட்டது.
திரும்பியெல்லாம் பார்க்கவில்லை.

கயிற்றில் தொங்கிய கேமரா
நாலு நிமிடம் ஓடிக்கொண்டே இருந்திருக்கிறது.
என் முழங்கால், சேறு, மறுபடி என் முழங்கால்.
ஆனால் குருவிக்குஞ்சு போல மூன்று கீச்சு.
கொஞ்சம் தள்ளி, தாமதமாக, இன்னொன்று.

இந்த நாலு நிமிடத்தை அனுப்பினேன்.
அதற்கு முந்தைய ஆறேழு நொடியை
அனுப்பவில்லை, அழிக்கவும் இல்லை.
என்னிடம் இருக்கும் ஒரே தெளிவான ஆவுளியா அதுதான்.

படம் வந்தது.
ஆஸ்திரேலியாவில் யாரோ எடுத்ததை விலைக்கு வாங்கியிருந்தார்கள்.
தாய், குட்டி, ஒரே ஃபிரேம்.
அடியில் என் கீச்சொலியை ஒட்டியிருந்தார்கள்.
டீக்கடையில் என் போனில் பார்த்தார் களஞ்சியம்.
'தண்ணி நம்ம தண்ணி இல்லையே.'
காதோடு வைத்துக்கொண்டார்.
'கத்துறது நம்மளுது.'

பெயர்கள் ஓடின.
என் பெயர் ஒன்றரை நொடி, ஒரு எழுத்து மாறி.
அதற்குள் அவர் போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு
மச்சினன் வலைக்கு என்ன சொன்னாங்க என்றார்.